312 கிலோவும் 15 மாதங்களும்

நான் தவறே செய்யாதவள் என்று சொல்லிக்கொண்டு இதை எழுதவில்லை. என் ரேஷன் கடையில் 12 அட்டைகளுக்கு, அட்டைக்கு 20 கிலோ வீதம், இயந்திரத்தில் கைரேகை வாங்காமல் அரிசி கொடுத்தேன். விதிப்படி அது தவறு. அதற்கு என்ன தண்டனையோ அதைக் கொடுத்திருந்தால் கட்டிவிட்டு வேலையைப் பார்த்திருப்பேன். ஆனால் தண்டனை முதலில் வந்தது. என்ன குற்றம் என்று எழுத்தில் தெரியவே இரண்டு மாதம் ஆயிற்று. கடை திரும்பக் கைக்கு வர 15 மாதம்.

எங்கள் ஊர் ஆந்திரத்தின் தெற்கு எல்லையில் இருக்கிறது. வீட்டில் தமிழ், அலுவலகத்தில் தெலுங்கு, சந்தையில் இரண்டும். தமிழ்நாட்டு உறவினர்களிடம் "ரேஷன் கடை என் பெயரில் இருக்கிறது" என்றால் அரசு வேலை என்று நினைத்துக்கொள்கிறார்கள். அங்கே பெரும்பாலான கடைகளைக் கூட்டுறவுச் சங்கங்கள் நடத்துகின்றன. விற்பனையாளர் சம்பளம் வாங்குகிறார். எங்கள் பக்கம் அப்படியில்லை. வருவாய்க் கோட்ட அதிகாரியான ஆர்.டி.ஓ. கொடுக்கும் அனுமதிப் பத்திரம், குவிண்டாலுக்கு இவ்வளவு என்று கமிஷன், கடை வாடகையும் கரன்ட் பில்லும் நம் தலையில். 2009 முதல் என் பெயரில் கடை. கமிஷன் மாதம் சுமார் 6,300 ரூபாய். வீட்டுக்காரருக்கு விசைத்தறி. தறி ஓடாத மாதங்களில் அந்த ஆறாயிரம்தான் அடுப்பெரித்தது.

2019 ஜூன் மாத விநியோகம் முடியும் தறுவாயில் இரண்டு நாள் சர்வர் படுத்துவிட்டது. கைரேகை வாங்கும் ஈ-பாஸ் (e-PoS) இயந்திரத்தில் வட்டம் சுற்றிக்கொண்டே இருந்தது. வாசலில் கூலி வேலையை விட்டுவிட்டு வந்து நின்ற பெண்கள். கிராம வருவாய் அதிகாரியான வி.ஆர்.ஓ.வுக்குப் போன் செய்தேன். "கொடுத்துவிடுங்கள் அம்மா, சர்வர் வந்ததும் ஏற்றிக்கொள்ளலாம்" என்றார். ஒரு நாற்பது பக்க நோட்டில் அட்டை எண், பெயர், கையெழுத்து வாங்கிக்கொண்டு 12 பேருக்குக் கொடுத்தேன். சர்வர் உயிர்பெற்ற நேரத்தில் அந்த மாதக் கணக்கு மூடிவிட்டது. போனில் சொன்ன வார்த்தைக்கு ஆதாரம் ஏது? அன்றே ஒரு வரி வாட்ஸ்அப்பில் "நீங்கள் சொன்னபடி இன்னின்ன அட்டைகளுக்குக் கொடுத்தேன்" என்று அனுப்பியிருந்தால் இந்தக் கட்டுரையின் பாதி இருந்திருக்காது. வாய்மொழி அனுமதி வாங்கினால் அடுத்த பத்து நிமிடத்துக்குள் அதை எழுத்தாக்கி அனுப்பிவிடுங்கள். அவர் பதில் போடாவிட்டாலும் பரவாயில்லை.

நான்கு நாள் கழித்து, சாயங்காலம் ஆறு மணிக்கு ஜீப் வந்தது. சிவில் சப்ளைஸ் டெபுடி தாசில்தார், அதே வி.ஆர்.ஓ., ஆய்வில் கண்டதை அங்கேயே எழுதும் அறிக்கையான பஞ்சநாமாவுக்குச் சாட்சியாக இரண்டு பேர். எல்லை ஊர் என்பதால் எங்கள் மேல் எப்போதும் ஒரு சந்தேகக் கண் உண்டு. அதில் நியாயமும் இருக்கிறது. ரேஷன் அரிசி எல்லை தாண்டுகிறது, அதில் டீலர்களுக்கும் பங்கு உண்டு என்பது ஊரறிந்த விஷயம். மூட்டைகளை எண்ணினார்கள். பிரிக்காதவை 30, தரையில் உதிரியாக 28 கிலோ. மொத்தம் 1,528. இயந்திரம் காட்டிய இருப்பு 1,840. குறைவு 312 கிலோ. எனக்குக் கை நடுங்கியது. நோட்டை எடுத்து நீட்டினேன். "அதெல்லாம் பிறகு" என்றார்கள்.

பிறகு பஞ்சநாமா எழுதினார்கள், தெலுங்கில், வேகக் கையெழுத்தில். எனக்குத் தெலுங்கு படிக்கத் தெரியும், ஆனால் அச்செழுத்துத்தான் ஓடும். "கையெழுத்துப் போடுங்கள் அம்மா, வழக்கமான நடைமுறைதான்" என்றார்கள். போட்டேன். கடைசி வரியில் "குறைவுக்கு என்னிடம் விளக்கம் இல்லை என்று ஒப்புக்கொள்கிறேன்" என்று இருந்தது எனக்குத் தெரிந்தது ஐந்து மாதம் கழித்து. ஆய்வுக்கு வருபவர்களைத் தடுக்காதீர்கள், சத்தம் போடாதீர்கள். கையெழுத்தும் போடுங்கள். ஆனால் போடுவதற்கு முன் முழுவதையும் வாசித்துக் காட்டச் சொல்லுங்கள். கையெழுத்துக்கு மேலே உங்களுக்குத் தெரிந்த மொழியில், உங்கள் கையால், "12 அட்டைகளுக்குக் கையெழுத்து வாங்கிக் கொடுத்த நோட்டு உள்ளது, காட்டினேன், பதிவு செய்யவில்லை" என்பது போல ஒரு வரி எழுதுங்கள். நகல் கேளுங்கள், தராவிட்டால் கைபேசியில் ஒரு படம் கேளுங்கள். அந்த நேரத்தில் இதைக் கேட்பதற்கு நெஞ்சுரம் வேண்டும், எனக்கு இருக்கவில்லை.

மறுநாள் காலை இயந்திரத்தில் என் லாகின் வேலை செய்யவில்லை. பக்கத்துத் தெரு டீலருக்கு என் கடை "இன்சார்ஜ்" கொடுக்கப்பட்டிருப்பதை ஒரு வாடிக்கையாளர் சொல்லித்தான் அறிந்தேன். சஸ்பெண்ட் உத்தரவு கைக்கு வந்தது 11 நாள் கழித்து, ஆய்வுக்கு மறுநாள் தேதி போட்டு. ஒரே பக்கம். "ஆய்வில் முறைகேடுகள் கண்டறியப்பட்டதால் விசாரணை முடியும் வரை அனுமதி நிறுத்திவைக்கப்படுகிறது." என்ன முறைகேடு, எவ்வளவு, எத்தனை நாளைக்கு, எதுவும் இல்லை. இங்கே நான் தற்செயலாகச் செய்த ஒரே நல்ல காரியத்தைச் சொல்ல வேண்டும். பியூன் நீட்டிய பதிவேட்டில் பெற்றுக்கொண்ட தேதியையும் எழுதிக் கையெழுத்துப் போட்டேன். மேல்முறையீட்டுக்கான நாள்கள் உத்தரவு கையில் கிடைத்த தேதியிலிருந்துதான் ஓடும். மத்திய அரசின் 2015 ஆம் ஆண்டுப் பொது விநியோகக் கட்டுப்பாட்டு ஆணையில் அதற்கு 30 நாள். உத்தரவுத் தேதிக்கும் நம் கைக்கு வரும் தேதிக்கும் நடுவில் கரையும் நாள்கள் நம் கணக்கில் ஏறக் கூடாது என்றால் பெற்ற தேதி எங்காவது எழுத்தில் இருக்க வேண்டும். உறையையும் வைத்திருங்கள்.

முதல் மாதம் முழுக்க நான் செய்தது வெறும் புலம்பல். "என்னைக் கேட்காமல் எப்படி நிறுத்தலாம்?" என்று தாசில்தார் அலுவலக வாசலில் போய் நின்றேன். உள்ளூர்ப் பிரமுகர் ஒருவரைப் பிடித்தேன். அவர் இரண்டு முறை போனில் பேசினார், மூன்றாம் முறை என் போனை எடுக்கவில்லை. கடைசியில் ஒரு வக்கீலைப் பார்த்தபோதுதான் என் வாதத்தின் பாதி ஓட்டை என்று தெரிந்தது. விசாரணை நடக்கும்வரை நிறுத்திவைப்பது வேறு, அனுமதியை ரத்து செய்வது வேறு என்றார். சரக்கு மாயமாகிவிடும் என்ற அவசரம் இருந்தால் முதலில் நிறுத்திவிட்டுப் பிறகு கேட்பதைக் கோர்ட்டுகள் பல நேரம் ஏற்றுக்கொள்ளும். ஆனால் அப்போதும் காரணத்தை எழுத வேண்டும், விசாரணையைச் சீக்கிரம் தொடங்க வேண்டும், நிறுத்திவைப்பையே தண்டனையாக இழுத்துக்கொண்டு போகக் கூடாது. ரத்து என்றால் கதையே வேறு. குற்றச்சாட்டு, ஆதாரம், பதில் சொல்ல அவகாசம், நேரில் கேட்பது, நம் பதிலை எடைபோட்டுக் காரணத்துடன் உத்தரவு, இத்தனையும் வேண்டும். ஆகவே முதல் நாளே "கேட்கவில்லை" என்று கத்துவதை விட்டு, "விசாரணையை எப்போது தொடங்கப்போகிறீர்கள், ஆய்வறிக்கை நகலைக் கொடுங்கள்" என்று எழுதிக் கேட்டிருக்க வேண்டும் என்றார். அந்த மாதத்தை நான் தெருவில் போட்டேன்.

ஆகஸ்ட் கடைசியில் நோட்டீஸ் வந்தது. உங்கள் அனுமதியை ஏன் ரத்து செய்யக் கூடாது, ஏழு நாளில் பதில் கொடுங்கள். குற்றச்சாட்டு மூன்று: இருப்பில் 312 கிலோ குறைவு, கடை வாசலில் இருப்புப் பலகை எழுதவில்லை, அட்டைதாரர்கள் புகார். எந்த அட்டைதாரர், என்ன புகார் என்று இல்லை. பஞ்சநாமா, ஆய்வறிக்கை, புகார் மனுக்கள் ஆகியவற்றின் நகல் வேண்டும் என்று கடிதம் எழுதினேன். இங்கேதான் வக்கீல் சொன்ன ஒரு பழக்கம் என்னைக் காப்பாற்றியது. எதைக் கொடுத்தாலும் இரண்டு பிரதி. ஒன்றில் அலுவலக முத்திரையும் தேதியும் வாங்காமல் படியிறங்கக் கூடாது. குமாஸ்தா முத்திரை போட மறுத்தால் அன்றே தபால் நிலையம் போய் ஒப்புதல் அட்டையுடன் பதிவுத் தபால் (2025 இல் அது ஸ்பீடு போஸ்ட்டோடு இணைக்கப்பட்டுவிட்டது). கூடவே தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டி அதே ஆவணங்களைக் கேட்டேன். அதற்கு 30 நாள் அவகாசம் உண்டு என்பதால் ஏழு நாளுக்குள் வராது என்று தெரியும். ஆனாலும் கேட்ட தேதி பதிவாகும். ஏழாம் நாள் ஓர் இடைக்காலப் பதில் கொடுத்தேன்: ஆவணங்கள் தரப்படவில்லை, வந்ததும் முழுப் பதில் தருகிறேன், இப்போதைக்குத் தெரிந்தது இது. பதிலே கொடுக்காமல் விட்டால் "விளக்கம் அளிக்கவில்லை" என்ற ஒரு வரியில் கோப்பை மூடிவிடுவார்கள்.

அந்தப் பதிலுக்காக உட்கார்ந்து கணக்குப் போட்ட இரவை மறக்க முடியாது. அந்த மாதம் மண்டலக் கிடங்கிலிருந்து வந்தது 126 மூட்டை, 6,300 கிலோ. இயந்திரத்தில் போட்டது 4,460. நோட்டில் எழுதிக் கொடுத்தது 240. பிரிக்காத 30 மூட்டையும் உதிரி 28 கிலோவும் போக இன்னும் 72 கிலோ இடித்தது. வீட்டுக்காரர் தறியிலிருந்து எழுந்து வந்து, "மூட்டையை எடை போட்டா இறக்கினாய்?" என்றார். போடவில்லை. யாரும் போடுவதில்லை. லாரிக்காரன் அவசரப்படுத்துவான், ரசீதில் 50 கிலோ என்று இருக்கும், கையெழுத்துப் போட்டு அனுப்பிவிடுவோம். பிரித்த 96 மூட்டையில் மூட்டைக்கு முக்கால் கிலோ குறைந்தால் 72 கிலோ. கணக்கு நேராக உட்கார்ந்தது. ஆனால் அதை நிரூபிக்க என்னிடம் ஒரு துண்டுச் சீட்டு இல்லை. எனக்கு அழுகை வந்தது அப்போதுதான். சஸ்பெண்ட் ஆனபோதுகூட அழவில்லை.

நேரடி விசாரணைக்கு மூன்று முறை போனேன். முதல் முறை அதிகாரி மீட்டிங். இரண்டாம் முறை வேறு ஊர். மூன்றாம் முறை மதியம் இரண்டு மணி வரை பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். குமாஸ்தா ஒரு தாளைக் கொண்டுவந்து, "வந்ததற்கு ஒரு கையெழுத்துப் போட்டுவிட்டுப் போங்கள் அம்மா, சார் வந்ததும் கூப்பிடுகிறோம்" என்றார். போட்டேன். கூப்பிடவில்லை. நவம்பரில் வந்த ரத்து உத்தரவில் "மேற்படி டீலர் நேரில் ஆஜராகி விசாரிக்கப்பட்டார்" என்று இருந்தது. ஆதாரம், என் கையெழுத்து. பஞ்சநாமாவில் ஏமாந்ததை மன்னித்துக்கொள்வேன், அன்று பயம். இதில் ஏமாந்ததற்கு இன்றும் என் மேல் எனக்கே கோபம். வருகைத் தாளில் கையெழுத்துக் கேட்டால், "மூன்றாம் முறையாக வந்தேன், காலை 10.30 முதல் 2 மணி வரை இருந்தேன், அதிகாரியைச் சந்திக்கவில்லை" என்று எழுதிக் கையெழுத்துப் போடுங்கள். சொல்ல வேண்டியதையெல்லாம் முன்கூட்டியே எழுதி எடுத்துப்போய், ஆள் இருந்தாலும் இல்லாவிட்டாலும் அலுவலகத்தில் கொடுத்து முத்திரை வாங்கிவிடுங்கள்.

ரத்து உத்தரவு இரண்டு பக்கம். என் பதிலைப் பற்றி ஒரே வாக்கியம்: "விளக்கம் திருப்திகரமாக இல்லை." ஏன் இல்லை? நோட்டைப் பார்த்தார்களா? அந்த 12 பேரில் யாரையாவது கேட்டார்களா? ஒன்றும் இல்லை. அதைவிட ஆச்சரியம், நோட்டீஸில் இல்லாத ஒரு நான்காவது குற்றம் புதிதாக முளைத்திருந்தது. கடையை நான் நடத்தவில்லையாம், என் கணவர்தான் நடத்துகிறாராம். நான் அதைப் படித்துவிட்டுக் குலைந்துபோனேன். வக்கீல் படித்துவிட்டுச் சிரித்தார். "உங்களுக்கு அவர்களே செய்து கொடுத்த உதவி இது" என்றார். நோட்டீஸில் சொல்லாத குற்றத்துக்குப் பதில் சொல்ல வாய்ப்பே கிடைக்கவில்லை. அதை வைத்துத் தண்டிக்க முடியாது. கரும்பட்டியல் சம்பந்தப்பட்ட கோர்க்கா செக்யூரிட்டி வழக்கில் 2014 இல் உச்ச நீதிமன்றம், என்ன குற்றம், என்ன நடவடிக்கை எடுக்கப்போகிறோம் என்பது நோட்டீஸிலேயே தெரிய வேண்டும் என்று சொன்னதை எடுத்துக் காட்டினார். உத்தரவில் எழுதாத காரணத்தைப் பிறகு கோர்ட்டில் வந்து ஒட்டவைக்க முடியாது என்பது மொகிந்தர் சிங் கில் வழக்கின் 1977 தீர்ப்பு. ஆகவே உத்தரவு வந்ததும் கண்ணைத் துடைத்துக்கொண்டு நோட்டீஸையும் அதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து வரிவரியாக ஒப்பிடுங்கள். இதற்கு வக்கீல் வேண்டியதில்லை.

"நேரே ஹைகோர்ட் போகலாமா?" என்று கேட்டேன். மேல்முறையீடு என்ற வழி இருக்கும்போது கோர்ட் வழக்கமாக "முதலில் அங்கே போ" என்றுதான் சொல்லும். பாதிக்கப்படுபவரைக் கேட்டுத்தான் முடிவெடுக்க வேண்டும் என்ற இயற்கை நீதி மீறப்பட்டிருந்தால் விதிவிலக்கு உண்டு, வேர்ல்பூல் வழக்கில் 1998 இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் எங்கள் வழக்கில் நோட்டு, மூட்டைக் கணக்கு என்று விவரங்கள் பார்க்க வேண்டியிருந்ததால், டிசம்பரில் ஜாயின்ட் கலெக்டரிடம் மேல்முறையீடு போட்டோம், கூடவே தடையாணை கேட்டும் ஒரு மனு. தடை மனுவைத் தனியாகக் கேட்காவிட்டால் மேல்முறையீடு தன்பாட்டுக்குக் கிடக்கும், கடை வேறொருவர் பெயருக்கு நிரந்தரமாகப் போய்விடும். எங்களுக்கு அதுதான் நடக்கவிருந்தது. இரண்டு மாதமாக மனு பட்டியலுக்கே வரவில்லை. காலி இடம் அறிவிக்கப்போகிறார்கள் என்று காதில் விழுந்தது. 2020 பிப்ரவரியில் ரேணிகுண்டாவில் ரயில் ஏறி விஜயவாடா, அங்கிருந்து அமராவதி. கோர்ட்டில் நாங்கள் கேட்டது மிகச் சிறியது: மேல்முறையீட்டைக் குறித்த காலத்துக்குள் முடிக்கச் சொல்லுங்கள், அதுவரை நிரந்தர நியமனம் வேண்டாம். நான்கு நிமிடத்தில் முடிந்தது. பெரிதாகக் கேட்டிருந்தால் எத்தனை வருடம் கிடந்திருக்குமோ.

அதற்குள் ஊரடங்கு. ஏப்ரலில் இலவச அரிசி வந்தபோது என் கடை வாசலில் சுண்ணாம்பு வட்டம் போட்டு ஜனங்கள் நின்றார்கள், உள்ளே வேறொருவர். நான் எதிர்வீட்டுத் திண்ணையிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தேன். "அக்கா, நீங்கள் எப்போது வருவீர்கள்?" என்று கேட்டவர்களுக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. அந்தச் சமயத்தில் ஒரு சக டீலர் சொன்னதையும் இங்கே வைக்கிறேன். அவருடைய சரக்கைப் பறிமுதல் செய்து அத்தியாவசியப் பொருள்கள் சட்டத்தின் 6ஏ பிரிவில் தனி வழக்குப் போட்டிருந்தார்கள். அதற்கும் காரணம் சொல்லி எழுத்தில் நோட்டீஸ் தர வேண்டும், 6பி அப்படிச் சொல்கிறது. லைசென்ஸ் வழக்கில் பதில் கொடுத்துவிட்டோம் என்று அதை விட்டுவிட்டார், சரக்கு போயிற்று. இரண்டும் தனித்தனி, இரண்டுக்கும் தனித்தனியாகப் பதில் வேண்டும்.

ஜூலையில் ஜாயின்ட் கலெக்டர் முன்னால் நின்றேன். அவர் கேட்டது ஒரே கேள்வி: "நோட்டு எங்கே?" கொடுத்தேன். புரட்டினார். அந்த 12 பேரில் ஒன்பது பேர், அரிசி வாங்கினோம் என்று கையெழுத்திட்டுக் கொடுத்த கடிதங்களும் இருந்தன. அதை வாங்க நான் வீடு வீடாகப் போனது ஒரு வருடம் கழித்து. இருவர் ஊரை விட்டே போயிருந்தார்கள், ஒரு பாட்டி இறந்துபோயிருந்தார். முதல் வாரத்திலேயே வாங்கியிருக்க வேண்டியவை அவை. ரத்து உத்தரவு நீக்கப்பட்டது. ஆவணங்களைக் கொடுத்து, நேரில் கேட்டு, புதிதாக முடிவெடுக்க வேண்டும் என்று திருப்பி அனுப்பினார். நான் ஜெயித்துவிட்டதாக வீட்டுக்காரர் இனிப்பு வாங்கி வந்தார். உண்மையில் பரமபதத்தில் பாம்பு கடித்து முதல் கட்டத்துக்குத்தான் வந்திருந்தேன். ஆனால் இரண்டாம் விசாரணை நிஜ விசாரணையாக இருந்தது. புதிய அதிகாரி, அரை மணி நேரம் கேட்டார். இயந்திரத்தில் ஏற்றாமல் கொடுத்தது தவறு, 72 கிலோவுக்கு ஆதாரம் இல்லை, ஆகவே டெபாசிட் பறிமுதல், எச்சரிக்கை, கடை திரும்ப ஒப்படைப்பு. அந்த உத்தரவில் எனக்கு ஒரு குறையும் இல்லை. 2019 ஜூலையிலேயே இதைச் செய்திருக்கலாம்.

செப்டம்பரில் சாவி கிடைத்தது. கைவிட்டுப் போன கமிஷன் சுமார் 94,000. பூட்டிக் கிடந்த கடைக்கு மாதம் 1,200 வாடகை, 18,000. உள்ளூர் வக்கீலுக்கு 15,000, ஹைகோர்ட்டுக்கு 35,000, ரயிலும் நகலும் சாப்பாடுமாக ஓர் 8,000. மொத்தம் ஒரு லட்சத்து எழுபதாயிரம். அடகு வைத்த சங்கிலியின் வட்டியை இதில் சேர்க்கவில்லை. குறைந்த 312 கிலோ அட்டைதாரர் விலையில் அப்போது 312 ரூபாய். அரசுக்கு அதன் அடக்கம் பல மடங்கு அதிகம் என்று வைத்துக்கொண்டாலும் கணக்கு எங்கோ இடிக்கிறது. நான்கு மாதம்தான் கடையில் உட்கார்ந்திருப்பேன், 2021 தொடக்கத்தில் வீட்டுக்கே வண்டியில் அரிசி கொண்டுபோகும் திட்டம் வந்தது. 9,260 வண்டிகள். நான் 15 மாதம் போராடி வாங்கிய கடை வண்டிக்குச் சரக்கு ஏற்றிவிடும் கிடங்காக மாறியது. சிரிக்கத்தான் முடிந்தது.

2025 ஜூனில் வண்டிகளை நிறுத்திவிட்டு மறுபடி கடையிலேயே கொடுக்கச் சொன்னார்கள். சரக்கு வந்த நாள் வாசலில் தராசைப் போட்டேன். "அக்கா, எல்லா மூட்டையையுமா?" என்றான் லாரிப் பையன். எல்லா மூட்டையும் என்றேன். முணுமுணுத்துக்கொண்டே முதல் மூட்டையைத் தூக்கி வைத்தான். 49 கிலோ 200. எழுதிக் கையெழுத்துப் போடச் சொன்னேன்.